ரொட்டி டீச்சர்

வாங்க அண்ணாச்சி, உக்காருங்க. ஃபேனுக்கு அடியில உக்காருங்க. இந்த வெயில்ல வந்திருக்கீக. காப்பி அடுப்புல இருக்கு, இந்தா வந்துரும். பொண்ணு போட்டோவெல்லாம் பொறவு பாத்துக்கிடுவோம். மொதல்ல நீங்க போன்ல ஒன்னு கேட்டீக பாத்தீகளா, அதுக்குப் பதில் சொல்லிடுறேன். நான் தப்பா எடுத்துக்கிடல. கல்யாணத் தரகுன்னா நாலையும் விசாரிக்கத்தான் செய்யணும். பையன் பிரான்சுல இருக்கான், வயசு முப்பது தாண்டிருச்சு, நல்ல வேலை, பாக்கவும் லட்சணமா இருக்கான், இம்புட்டு நாளா ஏன் முடியல, அங்கிட்டு எதுவும் தொடுப்பு கிடுப்பு இருக்குமோன்னு பொண்ணு வீட்டுக்காரங்க கேக்கத்தான் செய்வாக.

இல்ல அண்ணாச்சி. ஒன்னும் கிடையாது. நான் வாய்க்கு வந்ததச் சொல்லல. நேர்ல போயி, அவன் வீட்லயே தங்கி, கண்ணால பாத்துட்டு வந்து சொல்றேன். என் கண்ணுக்குத் தப்பி எங்க தினகரன் ஒன்னு செஞ்சிருவானா? பெத்தவளுக்குத் தெரியாதா?

லியோன்னு ஒரு ஊரு. ரெண்டு ஆறு ஓடுது. நம்ம விருதுநகர்ல ஒரு ஆத்துக்கே தண்ணியக் காணோம், அங்க ஒன்னுக்கு ரெண்டு. எங்க வீட்டுக்காரக கூட வரல. கடைய விட்டு அவுக என்னைக்கு நகந்திருக்காக? "நீ போயிட்டு வா, அவன் என்ன சொன்னாலும் காது குடுத்துக் கேளு"ன்னு சொல்லி அனுப்புனாக. காது குடுத்துக் கேளுன்னா என்ன அர்த்தம்? நான் என்ன செவிடா? அவுக பேச்சு எப்பவும் அப்படித்தான், பாதி வெளியில வரும், பாதி உள்ளயே கெடக்கும்.

நான் போயி எறங்குனதும் ஒரு வாரம் ஊரச் சுத்திக் காட்டுனான். கோயிலு, ஆத்துப் பாலம், மலை மேல ஏறுற ரயிலு. பொறவு ஒரு நாள் ராத்திரி சாப்பிடும்போது சொல்றான், "அம்மா, ஒன்ன ஒரு கிளாஸ்ல சேத்து விட்ருக்கேன்."

"என்ன கிளாசுடா?"

"ரொட்டி சுடுற கிளாசு. நாமளே நம்ம கையால செஞ்சு படிக்கிறது."

எனக்கு எப்படி இருந்திருக்கும்னு நெனச்சுப் பாருங்க. கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்த நாள்ல இருந்து அடுப்படியில நிக்கிறவ நான். கடை ஆளுகளுக்கும் சேத்துப் பொங்கிப் போட்டவ. என்னையப் போயி சமையல் படிக்க அனுப்புறான். அதுவும் என்னது? ரொட்டி! நம்ம ஊர்ல ரொட்டிய யாரு திம்பா? காய்ச்சக்காரன் திம்பான். ஆஸ்பத்திரியில யாரையும் பாக்கப் போனா கையில வாங்கிட்டுப் போவோம். அதப் படிக்கவா நான் பிளேன் ஏறி வந்தேன்னு கேட்டேன்.

"ஊரு பாக்க வர்றவங்க எல்லாம் ஆசைப்பட்டுச் சேருற கிளாசும்மா. மூணே நாளு. எனக்காகப் போ"ன்னான்.

எனக்காகன்னு சொன்னான். சரி, நம்ம பகல்ல தனியா உக்காந்து சுவத்தப் பாத்துக்கிட்டு இருக்கோம்னு புள்ளைக்கு வெசனம் போலன்னு நெனச்சேன். நல்ல மனசு அவனுக்கு. சின்னதுலருந்தே அப்படித்தான்.

மறுநாள் காலையில "அந்த மாம்பழக் கலர் சேலையக் கட்டுமா"ங்கிறான். மாவு பெசையப் போறவளுக்கு எதுக்குடா நல்ல சேலைன்னா, "கட்டேன்"ங்கிறான். அவனும் கண்ணாடி முன்னால நின்னு சட்டைய மாத்தி மாத்திப் போடுறான். தலைய வாருறான், கலைக்கிறான், வாருறான். படிக்கப் போறது நானா நீயான்னு கேட்டேன். சிரிக்கிறான். கொண்டாந்து விட வர்றவங்கூட நல்லா உடுத்திட்டுத்தான் வரணும் போல. அது அந்த ஊருப் பழக்கம்.

ஒரு சந்துக்குள்ள கடை. முன்னால ரொட்டி யாவாரம், பின்னால பெரிய அடுப்படி. கல்லு போட்ட மேடை, ஆள் ஒசரத்துக்கு அடுப்பு. படிக்க வந்தவங்க நாங்க கொஞ்சம் பேருதான். பிரேசில்ல இருந்து புதுசாக் கல்யாணமான ஒரு ஜோடி, ஜப்பான்ல இருந்து ஒரு சின்னப் புள்ள, பொறவு நான். டீச்சர்னா நம்ம ஸ்கூல்ல கொண்டை போட்டுக்கிட்டு வருமே, அந்த மாதிரி ஒரு பொம்பளை வரும்னு பாத்தா, ஒரு பொண்ணு வருது. நல்ல ஒசரம். செம்பட்ட முடிய துணி வச்சுக் கட்டிருக்கு. மூஞ்சியில கேப்பை மாவு தூவுன மாதிரி பொடிப்பொடியாப் புள்ளி. ஆனா களையான முகம், அண்ணாச்சி. பொய் சொல்லக்கூடாது.

பேரு மாரியோன்னு என்னமோ சொல்லுச்சு. எனக்கு அது வாயில நுழையல. நமக்குத் தெரிஞ்சது மாரிதான. "மாரி"ன்னு கூப்பிட்டேன். அதுக்கு மூஞ்சியெல்லாம் சிரிப்பு. ஆத்தா பேருன்னு எங்க மகன் இங்கிலீசுல எடுத்துச் சொன்னான். சொல்லாமலே அதுக்குத் தெரிஞ்ச மாதிரி தலைய ஆட்டுது.

மத்தவங்களுக்கெல்லாம் கை குடுத்துச்சு. எனக்கு மட்டும் ரெண்டு கையயும் சேத்து வணக்கம் சொல்லுச்சு. சேத்த கைய எறக்கவே இல்ல. எத்தன ஊர்க்காரங்களுக்குச் சொல்லிக் குடுக்கிறவ, எனக்கு மட்டும் ஏன் இம்புட்டுப் பணியணும்? பட்டுச் சேலையப் பாத்து மரியாதை. வேற என்ன. மகன் வேலைக்கு நேரமாச்சுன்னு கெளம்புனவன் கதவுகிட்ட நின்னு திரும்பித் திரும்பிப் பாத்துக்கிட்டே போனான். அம்மாவத் தனியா விட்டுட்டுப் போறோமேன்னு.

மொத நாள் ரொட்டி. மாவு, தண்ணி, உப்பு, புளிச்ச மாவு. அம்புட்டுத்தான். இதுக்கா கிளாசுன்னு இருந்துச்சு. எல்லாத்தையும் தராசுல வச்சு நிறுக்கணுமாம். நான் கண்ணளவுல அள்ளிப் போட்டேன். மாவு ஒட்டுச்சு. ஒட்டுனா இன்னும் கொஞ்சம் மாவு போடுவோம்ல? போட்டேன். பின்னயும் போட்டேன். மாரி வந்து என் கையப் பிடிச்சு நிறுத்துது. போதும்ங்கிறா. ஒட்டத்தான் செய்யும், ஒட்டட்டும், அதுவா வரும்னு சைகையும் ரெண்டொரு இங்கிலீசு வார்த்தையுமாச் சொல்றா. சொல்லிட்டு என் கை மேல அவ கைய வச்சு, மடிச்சு மடிச்சுக் காட்டிக்கிட்டே என்ன சொன்னா தெரியுமா?

"பைய, பைய."

தமிழ்ல! எனக்குத் தூக்கிவாரிப் போட்டுருச்சு. புஸ்தகத்துல படிச்சிருந்தா மெதுவான்னுதான போட்டிருப்பான்? இவ பையங்கிறா. அப்படியே நம்ம தெருவுல பேசுற மாதிரி. எங்கம்மா படிச்சேன்னு கேட்டேன். அவ மூஞ்சி செவந்து போயி, "தினா"ன்னு ஆரம்பிச்சவ அப்படியே நிறுத்திட்டா. நல்ல புஸ்தகம் போலருக்கு. தென் மாவட்டத்துக்காரன் எவனோ எழுதியிருக்கணும்.

பொறவு உப்பு எடுத்துத் தாங்கன்னு அலமாரியக் காட்டுச்சு. எடுக்கப் போனா ஒரு எவர்சில்வர் டப்பா. நமக்கு எவர்சில்வரப் பாத்தா கை தானாத் திருப்பிப் பாக்கும்ல, யாரு பேரு வெட்டிருக்குன்னு? திருப்புனேன். "சொ. ராஜகனி." என் பேரு, அண்ணாச்சி! எங்க அண்ணன் வீட்டு கிரகப்பிரவேசத்துக்குப் பாத்திரம் வாங்குனப்ப நான் எனக்குன்னு வாங்கிப் பேரு வெட்டுனது. சாத்தூர் சேவு போட்டு தினகரன்கிட்ட குடுத்து விட்டது. அது அங்க, அந்தக் கடையில, உப்ப வச்சுக்கிட்டு உக்காந்திருக்கு.

சாயங்காலம் அவன்கிட்ட கேட்டேன். "டப்பா எப்படிடா அங்க போச்சு?"ன்னேன். குனிஞ்சு ஷூவக் கழட்டுனான். பொறவு, "குடுத்தேன்மா"ங்கிறான். "சேவு புடிச்சிருந்துச்சு அவளுக்கு."

பாருங்க, கடையில சாமான் வாங்கப் போற எடத்துலகூட ஊரு பலகாரத்தப் பங்கு வச்சுத் திங்கிறவன். அவங்க அப்பா மாதிரியே. எனக்குத்தான் மனசு கேக்கல, டப்பாவத் திருப்பிக் கேட்டு வாங்கலாம்னு. பொறவு போகட்டும்னு விட்டுட்டேன். ஒரு டப்பாகூட இல்லாத எடத்துல போயி அதக் கேக்கவா?

ஆனா ஒன்னு சொல்லணும். அன்னைக்கு அந்த ரொட்டிய அடுப்புல இருந்து எடுத்ததும், எல்லாரையும் சுத்தி நிக்க வச்சு, காதக் கொண்டு போயிக் கேளுங்கன்னா. நானும் குனிஞ்சு கேட்டேன். மேல் தோல் ஆறும்போது படபடன்னு சின்னதா ஒரு சத்தம், கடுகு வெடிக்கிற மாதிரி, அதவிடப் பொடிசா. "பாடுது"ன்னா மாரி. என் ரொட்டிதான் நல்லாப் பாடுச்சு. சத்தியமா. எனக்குச் சூடான கையாம், அதுக்கு ரொட்டி மாவு நல்லாப் பொங்குமாம். ஜப்பான் புள்ளை கை தட்டுது. எனக்கு வெக்கமாப் போச்சு. இந்த வீட்ல நான் செஞ்சத யாரு காது வச்சுக் கேட்டா? உப்பு ஒரு கல்லு கூடுனா மட்டும் தெரியும்.

ரெண்டாம் நாள்தான் அவமானம். குருவாசோன்னு ஒன்னு. பெறை மாதிரி வளைஞ்சிருக்கும், பிச்சா ஏடு ஏடா வரும். பாத்ததுமே எனக்கு இளக்காரம். இது என்ன, நம்ம ஊருப் புரோட்டாதான? விருதுநகர்க்காரிகிட்ட வந்து ஏடு பிரிக்கச் சொல்லிக் குடுக்கிறாளேன்னு நெனச்சேன். அவ என்னன்னா மாவுக்கு நடுவுல ஒரு வெண்ணெய்ப் பாளத்த வச்சு, போர்வ மடிக்கிற மாதிரி மடிச்சு, உருட்டி, ஃபிரிட்ஜுல வச்சு, கொஞ்ச நேரம் கழிச்சு எடுத்து, பின்னயும் மடிச்சு... மாவு ஓய்வு எடுக்கணுமாம். மனுசிக்கு ஓய்வு இல்ல, மாவுக்கு ஓய்வு.

எனக்குப் பொறுக்கல. இந்தா பாரு, இப்படித்தான் செய்யணும்னு புரோட்டாக்கடைக்காரன் மாதிரி மாவத் தூக்கி விசிறி மேடையில ஒரு அடி அடிச்சேன். வெண்ணெயெல்லாம் பிதுங்கி பிரேசில்காரி சட்டையில. எல்லாரும் அப்படியே நின்னுட்டாக. எனக்கு மூஞ்சியக் கொண்டு போயி எங்க வைக்கிறதுன்னு தெரியல. மிச்ச மாவத் தொட்டா அதுவும் உருகுது. கை சூடு. நேத்து நல்லதுன்னா, இன்னைக்கு அதே கை ஆகாதாம்.

மாரி ஒன்னும் வையல. ஒரு சட்டி நெறைய ஐஸ் தண்ணி கொண்டாந்தா. என் ரெண்டு கையயும் பிடிச்சு அதுக்குள்ள வச்சா. அவ கையயும் எடுக்கல. என் கையப் பிடிச்சுக்கிட்டே அவளும் தண்ணிக்குள்ள வச்சிருந்தா. நேரம் ஆகுது, வெரலெல்லாம் மரத்துப் போவுது, அவளுக்கும் மரத்துத்தான் போயிருக்கும். பொறவு எடுத்து, அவ முன்னால கட்டியிருந்த துணியில ஒவ்வொரு வெரலாத் தொடச்சு விட்டா. மோதிரத்தக் கழட்டி, அதுக்கு அடியில தொடச்சு, திரும்பப் போட்டு விட்டா. எனக்குப் பொம்பளப் புள்ள கெடையாதுன்னு உங்களுக்குத் தெரியும். என் கைய இப்படி ஒருத்தி பிடிச்சு... அத விடுங்க. சொல்லிக் குடுக்கிறவங்க அப்படித்தான் இருக்கணும். அந்த ஊருப் பழக்கம் அது.

அன்னைக்கு வீட்டுக்கு வந்து தண்ணி எடுக்க ஃபிரிட்ஜத் தொறந்தேன். ஒரு ஓரத்துல கண்ணாடி ஜாடி, உள்ள புளிச்ச மாவு நொரைச்சுக்கிட்டு. கிளாசுல மாரி வச்சிருந்தாளே, அதே ஜாடி, அதே மாதிரி கழுத்துல செவப்பு நாடா. கெட்டுப் போச்சுடான்னு சத்தம் போட்டுக்கிட்டே எடுத்துக் கொட்டப் போனேன். தினகரன் குளிச்சிக்கிட்டு இருந்தவன் துண்டோட ஓடி வாரான். "அம்மா, அதக் கொட்டிராத, அதுக்குத் தெனம் தீனி போடணும், அது அவளோட..."ன்னான். நிறுத்திட்டான். நானும் ஜாடிய இருந்த எடத்துல வச்சுட்டேன். கடைக்காரங்க சாமான பத்திரமாப் பாத்துக்கிடுறது நல்ல கொணம்தான?

அப்பத்தான், "அம்மா, உக்காரு, ஒன்னு சொல்லணும்"னான்.

எனக்குத் தல வலி. குளிர்ல கைய வச்சதுல இருந்தே ஒரு மாதிரியா இருந்துச்சு. "காலையில பேசுவோம்டா"ன்னு போயிப் படுத்துட்டேன். ஆபீசு விசயமா இருக்கும். எனக்கு அதெல்லாம் என்ன புரியும்?

மூணாம் நாளு, முந்துன நாள் செஞ்ச குருவாசோ மாவ எடுத்து வெட்டி, சுருட்டி, சுட்டு, எல்லாரும் ஒன்னா உக்காந்து சாப்பிடணும். எங்க தினகரனும் வந்துட்டான். வேலைக்கு லீவு போட்டுட்டு வந்திருக்கான். பிரேசில் ஜோடி சுட்டது படத்துல வர்ற மாதிரி இருக்கு. என்னோடது நசுங்கிப் போன வண்டு மாதிரி இருக்கு. நான் அதப் பைய மறைச்சு வச்சேன். மாரி தேடிப் பிடிச்சு எடுத்து, அத ரெண்டா வகுந்து, ஒரு பாதிய தினகரன் தட்டுல வச்சா. மறு பாதிய அவ தின்னா. ரெண்டு பேரும் ஒரே நேரத்துல கடிக்கிறாக, ஒரே நேரத்துல என்னையப் பாக்குறாக. நல்லாருக்குன்னு தலைய ஆட்டுறாக. அவன் சட்டைக் காலர்ல மாவு ஒட்டிருந்துச்சு. பேசிக்கிட்டே, அவனப் பாக்கக்கூட இல்ல, அவ பாட்டுக்குக் கைய நீட்டி அதத் தட்டி விட்டா.

நீங்க அப்படிப் பாக்காதீக அண்ணாச்சி. அந்த ஊர்ல ஆம்பள பொம்பள கட்டிப் பிடிச்சுத்தான் வணக்கமே சொல்றாக. காலரத் தட்டுறது என்ன பெரிசு? ஆனா அப்படித் தட்டுறதுக்கு ஒரு கை வாகு வேணும். நானெல்லாம் கல்யாணமாகி வருசம் நாலு போன பெறகுதான் அவுக சட்டைய அப்படித் தட்டுனேன்.

சாப்பிட்டு முடிச்சதும் அவ அவன்கிட்ட அவுக பாசையில என்னமோ சொன்னா. அவன் தொண்டையச் செருமிக்கிட்டு, "அம்மா, இவளுக்கு நம்ம ஊரப் பாக்கணுமாம். உங்கூட நம்ம வீட்ல வந்து இருக்கணும்னு ஆசப்படுறா"ன்னான்.

நான் தட்டுல சிந்திக் கெடந்த பொடிய வெரலால கூட்டி ஒதுக்குனேன்.

நான் என்ன சொன்னேன்? மரியாதையாத்தான் சொன்னேன். "அதுக்கென்ன, பேஷா வரட்டும். ஒன் கல்யாணத்துக்கு வரச் சொல்லு. பொண்ணு பாத்துக்கிட்டு இருக்கோம்னு சொல்லு. மண்டபத்துல மொத வரிசையில உக்கார வச்சு, பட்டுச் சேலை எடுத்துக் குடுத்து, நல்லாக் கவனிச்சு அனுப்புவோம்"னேன். இதுல என்ன தப்பு? வெளியூர்க்காரிக்கு இதுக்கு மேல என்ன மரியாத செய்ய முடியும்?

அவன் அத அவளுக்குச் சொல்லல. "சொல்லேன்டா"ன்னேன். குனிஞ்சு தட்டையே பாக்கான். மாரி அவன் மூஞ்சியப் பாத்தா. பொறவு என்னையப் பாத்து, "சரி"ன்னா. தமிழ்ல. எம்புட்டுப் புரிஞ்சுச்சோ. எந்திரிச்சு தட்டையெல்லாம் அள்ளிக்கிட்டுப் போயி, எங்களுக்கு முதுகக் காட்டிக்கிட்டு கழுவ ஆரம்பிச்சா. தண்ணிய நெறையத் தொறந்து விட்டு, கழுவுன தட்டையே பின்னயும் கழுவுறா. நடுநடுவுல முழங்கையால கண்ணத் தொடைக்கிறா. சோப்பு தெறிச்சிருக்கும்.

வரும்போது ஆத்துப் பாலத்துல நடந்து வந்தோம். பாலத்து நடுவுல தினகரன் நின்னுட்டான். "அம்மா"ன்னான். நான் வெரசா நடந்தேன். காத்து அப்படி அடிக்குது. "குளிருதுடா, வீட்டுக்குப் போவோம், வீட்டுக்குப் போவோம்"னு சொல்லிக்கிட்டே நடந்தேன். அவன் பின்னால வர்ற சத்தமே கொஞ்ச நேரம் கேக்கல. பொறவு கேட்டுச்சு. அதுக்குப் பெறகு நான் அங்க இருந்த மட்டும் அவன் ஒன்னும் சொல்ல வரல. சிரிச்ச மூஞ்சியாத்தான் இருந்தான். சோறு கொஞ்சம் கொறச்சலாச் சாப்பிட்டான், அது குளிருக்கு.

ஊருக்குக் கெளம்புற அன்னைக்கு ஏர்போர்ட்டுக்கு மாரி வந்திருந்தா. யாரு வரச் சொன்னான்னு தெரியல. கடையில இருந்து அப்படியே ஓடி வந்திருக்கா, புருவத்துலயெல்லாம் மாவு. பெரிய ரொட்டி ஒன்ன வெள்ளத் துணியில சுத்திக் கையில குடுத்தா. சூடு ஆறல. நெஞ்சோட சேத்துப் பிடிச்சுக்கிட்டேன், புள்ளையத் தூக்குற மாதிரி. சரி, போயிட்டு வாரேன்மான்னு திரும்பப் போறேன், சட்டுனு குனிஞ்சு என் காலத் தொட்டுட்டா. அத்தன பேரு பெட்டியத் தள்ளிக்கிட்டுப் போற எடத்துல.

இது மட்டும் அந்த ஊருப் பழக்கம் இல்லதான். நம்ம ஊருப் பழக்கம். யாரோ சொல்லிக் குடுத்திருக்கணும்.

கல்யாணம் ஆகாத புள்ள கால்ல விழுந்தா என்ன சொல்லுவோம்? சீக்கிரம் நல்ல மாப்பிள்ளை அமையட்டும்னுதான வாழ்த்துவோம். ஆயிரம் புள்ளைகளுக்குச் சொல்லிருப்பேன். அன்னைக்கு எனக்கு நாக்கு எழல. பக்கத்துல தினகரன் நிக்கான். அவன் மூஞ்சிய நான் பாக்கல. "நல்லா இரு தாயி"ன்னு மட்டும் சொல்லிட்டு உள்ள போயிட்டேன். உள்ள போயித் திரும்பிப் பாத்தா ரெண்டு பேரும் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிக்காக. கை ஆட்டுறாக. நானும் ஆட்டுனேன்.

இங்க வந்து அந்த ரொட்டிய அறுத்து அவுக தட்டுல வச்சேன். காய்ச்சக்காரன் திங்கிறதா எனக்கும்பாகன்னு பாத்தா, பேசாமத் தின்னாக. இன்னொரு துண்டு கேட்டாக. தின்னுட்டு, "அந்தப் புள்ள நல்லா இருக்கா?"ன்னாக.

"எந்தப் புள்ள?"ன்னேன்.

பேப்பர எடுத்து மூஞ்சிக்கு நேரா விரிச்சுக்கிட்டாக. அன்னைக்குப் பேப்பர்ல அம்புட்டு என்னதான் இருந்துச்சோ, கடைக்கு நேரமாகியும் கீழ எறக்கல.

அம்புட்டுத்தான் அண்ணாச்சி நடந்தது. நீங்களே சொல்லுங்க, இதுல சந்தேகப்பட என்ன இருக்கு? வீட்ல ஒரு பொம்பள சீப்புகூட நான் பாக்கல. போன இடத்துல கடைக்காரங்க, கிளாசு டீச்சர், எல்லாருகிட்டயும் மரியாதையாப் பழகுறான். அம்புட்டுத்தான். பொண்ணு வீட்ல கேட்டா தைரியமாச் சொல்லுங்க. அம்மாகாரி நேர்ல போயி விசாரிச்சுட்டு வந்துட்டா, பையன் சொக்கத் தங்கம்னு.

பொண்ணு எப்படி வேணும்னு கேட்டீக. படிப்பு, நெறம் எதுவும் நான் பாக்கல. நகை நட்டும் அவங்க இஷ்டம். வையாம இருக்கணும். நம்ம ஒன்னக் கெடுத்துட்டாலும் மூஞ்சி சுழிக்காம, பைய பையன்னு சொல்லி, கூட நின்னு செய்யிற பொண்ணா இருக்கணும். நம்ம செஞ்சது நசுங்கிப் போயிருந்தாலும் பாதியப் பிச்சுத் திங்கணும். கை குளிர்ச்சியா இருந்தா நல்லது, எனக்குச் சூடான கை. தினகரன் ஒரு வார்த்த ஆரம்பிச்சா மிச்சம் அவளுக்குத் தெரியணும். அப்படி ஒருத்தி, நம்ம ஆளுகளுக்குள்ள, இருந்தா காட்டுங்க.

என்ன அண்ணாச்சி, நோட்ட மூடி வச்சுட்டீக? காப்பி ஆறுதுல்ல, குடிங்க.

என்னது?

அந்தப் பொண்ணு யாருன்னு தினகரன்கிட்ட நான் ஒரு வார்த்த கேட்டேனாவா?

கேக்கல.

கேட்டா சொல்லிருவானே, அண்ணாச்சி.